மாயமனைக் கலை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நான் எழுதிவரும் கதைகளில் பல அண்டங்கள் வருகின்றன. ஓர் அண்டத்திலிருந்து இன்னொன்றுக்குப் போக அங்கே வண்டியும் கிடையாது, மந்திரக் கம்பளமும் கிடையாது. கட்டடம் கட்டித்தான் போக வேண்டும். அப்படிக் கட்டும் கலைக்கு மாயமனைக் கலை என்று பெயர் வைத்திருக்கிறேன். படித்தவர்கள் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்விகளை இங்கே சேர்த்திருக்கிறேன். எது என் கற்பனை, எது நம் பழைய நூல்களில் இருப்பது என்பதை அந்தந்த இடத்திலேயே பிரித்துச் சொல்லிவிடுகிறேன்.

மாயமனைக் கலை என்றால் என்ன?

இடத்தை அளந்து, அந்த அளவின் வழியாகவே அதிசயத்தை நிகழ்த்தும் கலை. என் கதையுலகத்தில் ஒரு சுவர் பேசுகிறது என்றால் அதில் யாரோ ஆவியை அடைத்துவைத்ததால் பேசவில்லை. அந்தச் சுவரின் நீளம், உயரம், அது பார்க்கும் திசை, கட்டியவர் அதை எதற்காகக் கட்டினார் என்ற எண்ணம், இந்த நான்கும் ஒரு மயிரிழை பிசகாமல் பொருந்தியதால் பேசுகிறது. ஒன்று பிசகினாலும் அது வெறும் செங்கல் சுவர்தான்.

இது முழுக்க உங்கள் கற்பனையா?

துறையின் பெயரும், அண்டங்களுக்கு இடையே வாசல் திறக்கும் முறையும் என் கற்பனை. அதற்கு அடியில் கிடக்கும் கடைக்கால் முழுவதும் சிலப்பதிகாரம், மணிமேகலை, நெடுநல்வாடை, திருவாசகம், பெரியபுராணம் ஆகியவற்றிலிருந்து எடுத்தது. மாயக் கட்டடம் என்றதும் நம் பிள்ளைகளுக்கு மேலைநாட்டுக் கோட்டையும் கோபுரமும்தான் நினைவுக்கு வருகின்றன. புகார் நகரத்தில் நின்ற ஐந்து மன்றங்கள் நினைவுக்கு வருவதில்லை. அந்த வருத்தத்தில்தான் இந்த வேலையையே தொடங்கினேன்.

புகாரில் அப்படி என்ன இருந்தது?

சிலப்பதிகாரத்தில் இந்திர விழவு ஊரெடுத்த காதையைப் படியுங்கள். விழா தொடங்கும்போது ஊரில் ஐந்து மன்றங்களுக்குப் பலி கொடுக்கிறார்கள். ஒவ்வொரு மன்றமும் ஒரு வேலையைச் செய்கிறது.

முதலாவது வெள்ளிடை மன்றம். வெளியூர் வணிகர்கள் தங்கள் பெயர் பொறித்த மூட்டைகளை அங்கே வெட்டவெளியில் போட்டுவிட்டுப் போகிறார்கள். கதவில்லை, தாழில்லை, காவலாளும் இல்லை. யாராவது திருடினால், அந்த மூட்டையையே அவன் தலையில் ஏற்றி, கழுத்துக் கடுக்கக் கடுக்க அங்கேயே சுற்றிச் சுற்றி வரவைக்கும். 'கொட்பின் அல்லது கொடுத்தல் ஈயாது' என்கிறார் இளங்கோ. சுழலவைக்குமே தவிர, கொண்டுபோக விடாது. சுவர் ஒன்றுகூட இல்லாத பெட்டகம்! நான் படித்த மாயக் கட்டடங்களில் இதற்கு ஈடாக இன்னொன்றைச் சொல்ல மாட்டேன்.

அடுத்தது இலஞ்சி மன்றம். அது ஒரு பொய்கை. கூனும் குறளும் ஊமையும் செவிடும் தொழுநோயாளரும் மூழ்கி எழுந்து நலம்பெற்று, வலம்வந்து போகிறார்கள். மூன்றாவது, ஒளி உமிழும் நெடுங்கல் நிற்கும் மன்றம். நஞ்சுண்டவர்களும் பாம்பு கடித்தவர்களும் பேய் பிடித்தவர்களும் சுற்றிவந்து தொழுதால் துயர் நீங்குகிறது. நான்காவது பூத சதுக்கம். பொய்ச்சாட்சி சொல்பவர், புறங்கூறுபவர், பிறர்மனை விரும்புபவர், அரசனைக் காட்டிக்கொடுக்கும் அமைச்சர் என்று ஒரு பட்டியலை நான்கு காதத்துக்குக் கேட்கும்படி கூவி, அவர்களைப் பூதம் அடித்துத் தின்னும்.

ஐந்தாவது பாவை மன்றம். அரசனின் செங்கோல் வளைந்தாலும், நீதிமன்றம் ஒருபக்கம் சாய்ந்தாலும், அங்கே நிற்கும் பாவை வாய் திறந்து எதுவும் சொல்லாது. 'நாவொடு நவிலாது', கண்ணீர் மட்டும் வடிக்கும்.

கவனியுங்கள்: ஐந்தும் ஊரில் உள்ளவர்களுக்காகவே வேலை செய்கின்றன. வியப்பைக் காட்டி மயக்குவதற்காக ஒன்றுகூட நிற்கவில்லை. என் கதைகளின் முதல் விதியை இங்கிருந்துதான் எடுத்தேன். ஒரு மனைக்கு ஒரு வேலை. அந்த வேலை யாருடைய துயரத்தைத் தீர்க்கிறது என்று சொல்ல முடியாவிட்டால் அந்த மனையை நான் கட்டுவதில்லை.

பல அண்டங்கள் என்ற எண்ணம் நமக்கு வெளியிலிருந்து வந்ததுதானே?

இல்லை. கந்தபுராணத்தில் சூரபதுமன் ஆண்டது 1008 அண்டங்கள். அதற்கு முன்பே மாணிக்கவாசகர் திருவண்டப் பகுதியில் அண்டங்களைப் பற்றிப் பாடிவிட்டார். 'நூற்றொரு கோடியின் மேற்பட விரிந்தன' என்று எண்ணிக்கை சொல்லிவிட்டு, அத்தனை அண்டங்களும் இறைவன்முன் எப்படித் தெரிகின்றன என்பதற்கு அவர் தரும் உவமை, 'இல்நுழை கதிரின் துன்அணுப் புரைய' என்பது. வீட்டுக்குள் நுழையும் வெயில் கீற்றில் மிதக்கும் தூசி போல.

ஓட்டு வீட்டில் வளர்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டாம். கூரையில் வெளிச்சத்துக்காக ஒரு கண்ணாடி ஓடு பதித்திருப்பார்கள். முற்பகலில் அதன் வழியாக ஒரு தடித்த ஒளித்தூண் சாய்வாகத் தரையில் வந்து ஊன்றும். யாராவது பக்கத்தில் பாயை உதறினால் போதும், அந்தத் தூணுக்குள் மட்டும் ஆயிரக்கணக்கான துகள்கள் மினுங்கும். ஒன்று மேலே போகும், ஒன்று கீழே இறங்கும், இரண்டு உரசாமல் விலகும். தூணுக்கு வெளியே கையளவு தள்ளிப் பார்த்தால் ஒன்றுமே இருக்காது. பல்லண்டத்துக்கு இதைவிடத் தெளிவான படத்தை நான் பார்த்ததில்லை. அதிலும் அந்தப் படம் தெரிவதற்கு ஒரு வீடும், அந்த வீட்டில் ஓர் இடைவெளியும் தேவைப்படுகின்றன.

அறிவியலில் பேசப்படும் பல உலகங்கள் வேறு வகை. 1957-ல் ஹியூ எவரெட் என்ற அமெரிக்க இயற்பியலாளர் குவாண்டம் இயற்பியலுக்குத் தந்த விளக்கத்தில், நடக்கக்கூடியவை எல்லாமே தனித்தனிக் கிளைகளில் நடக்கின்றன என்ற எண்ணம் பிறக்கிறது. மாணிக்கவாசகர் சொன்னதும் அதுவும் ஒன்றுதான் என்று நான் சொல்ல மாட்டேன். அப்படி முடிச்சுப் போடுவது இரண்டுக்கும் மரியாதை ஆகாது.

அண்டக்கோல் என்பது என்ன?

மாதவி அரங்கேறிய மேடையை இளங்கோ எப்படி அளக்கிறார் என்று பாருங்கள். உயர்ந்த மலையில் வளர்ந்த, கணுவுக்குக் கணு ஒரு சாண் இடைவெளி உள்ள மூங்கிலைக் கொண்டுவருகிறார்கள். அதில் 24 விரல் அளவுக்கு ஒரு கோல். அந்தக் கோலால் ஏழு கோல் அகலம், எட்டுக் கோல் நீளம், ஒரு கோல் உயரம். மேடைத் தரைக்கும் மேலே உத்தரப் பலகைக்கும் நடுவே நான்கு கோல். வாயில் இரண்டு. தூண்களின் நிழல் ஆடுகிற இடத்தில் விழாதபடி விளக்கு. ஒரு நாட்டிய மேடைக்கு இவ்வளவு கணக்கு.

விரல் என்றால் எவ்வளவு? சிலப்பதிகாரத்துக்கு அடியார்க்கு நல்லார் எழுதிய பழைய உரையில் வாய்பாடு இருக்கிறது. எட்டு அணு ஒரு தேர்த்துகள். எட்டுத் தேர்த்துகள் ஓர் இம்மி. எட்டு இம்மி ஓர் எள். எட்டு எள் ஒரு நெல். எட்டு நெல் ஒரு பெருவிரல்.

பெருக்கிப் பாருங்கள். ஒரு விரலில் 32,768 அணு. ஒரு கோலில் 7,86,432 அணு.

இதைப் போட்டு முடித்த இரவில் எனக்குத் தூக்கம் வரவில்லை. மாணிக்கவாசகர் அண்டத்தை அணு என்கிறார். உரையாசிரியர் தச்சுக்கோலை அணுவிலிருந்து தொடங்குகிறார். இரண்டையும் பக்கத்தில் வைத்தால், ஒரு மூங்கில் கோலில் ஏழு லட்சத்து எண்பத்தாறாயிரத்துச் சொச்சம் அண்டங்கள் வரிசையாக நிற்கின்றன! இரண்டு நூல்களையும் இப்படிச் சேர்த்தது என் கற்பனை, நூல்கள் அப்படிச் சொல்லவில்லை. ஆனால் என் கதையுலகம் முழுவதும் அந்த ஒரு கோலின் மேல்தான் நிற்கிறது. அதைத்தான் அண்டக்கோல் என்கிறேன். தச்சர் ஒரு தூணை ஓர் இம்மி நகர்த்தினால், கதவுக்கு அந்தப் பக்கம் 64 அண்டம் தள்ளி வேறொன்று வந்து நிற்கும்.

வாசல் எப்படித் திறக்கிறது?

மிச்சத்தால்.

நம் மனை நூல்களில், ஒரு வீட்டின் அளவு நல்லதா என்று பார்க்க ஆயாதிக் கணக்கு என்று ஒன்று உண்டு. அதில் ஒரு பகுதி யோனி. பரவலாக உள்ள ஒரு முறையில் சுற்றளவை 3-ஆல் பெருக்கி 8-ஆல் வகுப்பார்கள். ஈவைத் தூக்கிப் போட்டுவிட்டு மீதியை மட்டும் பார்ப்பார்கள். 1 என்றால் கொடி, 2 புகை, 3 சிங்கம், 4 நாய், 5 எருது, 6 கழுதை, 7 யானை, மீதியில்லாமல் போனால் காகம். ஒவ்வொன்றுக்கும் ஒரு திசை உண்டு. கொடிக்குக் கிழக்கில் தொடங்கி வலமாகச் சுற்றி வரும். ஒற்றைப்படை மீதிகள் நல்லவை.

36 கோல் சுற்றளவு என்று வையுங்கள். 108-ஐ 8-ஆல் வகுத்தால் மீதி 4, அது நாய். ஒரு கோல் கூட்டி 37 ஆக்கினால் 111, மீதி 7, யானை. ஒரு கோல் குறைத்து 35 ஆக்கினால் 105, மீதி 1, கொடி. கவனித்தால் ஒற்றைப்படைச் சுற்றளவு எதை எடுத்தாலும் மீதி ஒற்றைப்படையாகவே வரும். அப்படியானால் தச்சர்கள் உண்மையில் தேடியது, சரிபாதியாகப் பிரித்துவிட முடியாத ஒரு வீட்டை.

இதுவரை சொன்னது நூல் மரபு. என் கற்பனை இங்கே நுழைகிறது: அந்த மீதி எங்கே போகிறது? எட்டுக்குள் அடங்காமல் நிற்கும் அந்தத் துண்டுதான் இந்த அண்டத்தில் இடம் கிடைக்காமல் அடுத்த அண்டத்துக்குள் நீளுகிறது. வாசல் அங்கே இருக்கும். என் முதல் கதையில் வரும் ஆசாரிப் பெண், ஊர் அடங்கிய பிறகு முளைக்குச்சி அடித்துக் கயிறு பிடிக்கிறாள். 36 கோல் வருகிறது. தென்மேற்கு மூலையில் நாய் குரைக்கும் சத்தம், ஆனால் அந்தத் தெருவில் நாயே இல்லை. முளையைப் பிடுங்கி ஒரு கோல் தள்ளி அடிக்கிறாள். குரைப்பு நிற்கிறது. வடக்கிலிருந்து ஈர மண்ணின் வாசனையும் ஏதோ பெரிய உடம்பு மூச்சுவிடும் சத்தமும் வருகின்றன.

மந்திரம் சொன்னால் போதாதா?

போதாது. என் கதைகளில் மந்திரமே கிடையாது. சொல் காற்றோடு போய்விடும், அளவு அங்கேயே நிற்கும்.

கட்டுபவரின் எண்ணமும் முக்கியம் என்கிறீர்களே, அது எங்கிருந்து வந்தது?

மணிமேகலையில் உவவனம் என்ற சோலைக்குள் ஒரு பளிங்கு மண்டபம் வருகிறது. 'விளிப்பறை போகாது மெய்புறத்து இடூஉம்' என்பது அதற்கு அடைமொழி. உள்ளே கத்தினால் வெளியே கேட்காது, ஆனால் உள்ளே இருப்பவரின் உருவம் வெளியே தெரியும். மணிமேகலை அதற்குள் புகுந்துகொள்கிறாள். அவளை விரும்பித் தேடிவந்த இளவரசன் உதயகுமரன் அவளைப் பார்க்கிறான், ஆனால் உள்ளே போகும் வழி தெரியாமல் தவிக்கிறான்.

அந்த மண்டபத்துக்குள்தான் நான் சொல்லவந்த பொருள் இருக்கிறது, ஒரு தாமரைப் பீடிகை. அதில் மொட்டை வைத்தால் மலர்ந்துவிடும். மலர்ந்தது எத்தனை ஆண்டானாலும் வாடாது, வண்டும் மொய்க்காது. இவை அழகுதான். உண்மையான அதிசயம் அடுத்து வருவது. ஏதாவது ஒரு தெய்வத்தை மனத்தில் நினைத்துப் பூவை வைத்தால், பூ அந்தத் தெய்வத்தின் அடியைப் போய்ச் சேரும். எதையும் நினைக்காமல் வைத்தால் அங்கேயே கிடக்கும்.

ஏன் இப்படி ஒன்றைச் செய்தார்கள்? அதற்கும் நூலே பதில் சொல்கிறது. எண்ணம் இல்லாமல் செய்தாலும் செயலுக்குப் பலன் உண்டு என்று ஒரு சாரார் வாதிட்டார்கள். எண்ணம் இல்லாவிட்டால் பலன் இல்லை என்றார்கள் மற்றவர்கள். அந்த வழக்கைத் தீர்க்க, பூவை இட்டுக்காட்டி நிரூபிப்பதற்காகப் புராணத் தச்சனான மயன் முன்பு அதைச் செய்துவைத்தான். அதாவது, ஒரு தத்துவ வாதத்துக்கு விடையாக ஒரு பீடத்தைக் கட்டியிருக்கிறார்கள். வாயால் பேசி முடியாததைக் கல்லால் முடித்துவிட்டார்கள். சாத்தனாரின் இந்தக் கற்பனைக்கு முன்னால் நான் எழுதியது எதுவும் நிற்காது, அதைச் சொல்வதில் எனக்குத் தயக்கமும் இல்லை.

மணிபல்லவத் தீவில் புத்த பீடிகை ஒன்று இருக்கிறது. பார்த்தவர்களுக்கு முற்பிறப்பு தெரியும். அதற்கும் அளவு தருகிறார் சாத்தனார்: தரையிலிருந்து மூன்று முழம் உயரம், ஒவ்வொரு திசையிலும் ஒன்பது முழம். சுற்றியுள்ள மரங்கள் நறுமலர் தவிர எதையும் அதன்மேல் உதிர்ப்பதில்லை, பறவைகள் அருகில் சிறகடித்து ஓசை செய்வதில்லை. முற்பிறப்பைக் காட்டும் பொருளுக்கு முழக்கணக்கு எதற்கு என்று சிலர் கேட்பார்கள். அளவு சொன்னதால்தான் நான் அதை நம்புகிறேன்.

உங்கள் கதைகளில் கோல், நூல், கோட்டம் என்ற சொற்கள் திரும்பத் திரும்ப வருவது ஏன்?

ஏனென்றால் இந்தக் கலையின் இலக்கணம் அந்த மூன்று சொற்களுக்குள் இருக்கிறது.

கோல் என்றால் அளக்கும் கோல். அரசன் கையில் இருப்பதும் கோல். நூல் என்றால் தச்சர் மரத்தில் அடிக்கும் கயிறு. படிக்கும் புத்தகமும் நூல். கோட்டம் என்றால் வளைவு, கோணல். கோயிலுக்கும் கோட்டம் என்று பெயர். சக்கரவாளக் கோட்டம் என்பதே மணிமேகலையில் ஓர் இடத்தின் பெயர். மேருவையும் அதைச் சுற்றிய ஏழு மலைகளையும் நான்கு பெருந்தீவுகளையும் இரண்டாயிரம் சிறு தீவுகளையும் அங்கே வாழும் உயிர்களோடு மயன் மண்ணால் வடித்துக்காட்டிய இடம் அது. பக்கத்தில் சுடுகாடு இருந்ததால் ஊரார் அதைச் சுடுகாட்டுக் கோட்டம் என்றே சொல்லிவந்தார்கள்.

நன்னூல் ஒரு வெண்பாவில் இரண்டு நூலையும் சேர்த்துவிடுகிறது. மரத்தின் கோணலைத் தச்சரின் நூல் தீர்ப்பதுபோல, மாந்தரின் 'மனக்கோட்டம் தீர்க்கும் நூல் மாண்பு'. நெடுநல்வாடையில் அரண்மனைக்கு இடம் வகுக்க வருபவர்களையும் 'நூலறி புலவர்' என்கிறார் நக்கீரர். இரண்டு கோல் நட்டு, நிழல் எந்தப் பக்கமும் சாயாத நடுப்பகலில் கயிறு பிடிக்கிறார்கள். அவர்கள் அறிந்தது எந்த நூல்? இரண்டும்தான்.

எங்கள் வீட்டுக்கு வாசக்கால் வைத்த நாள் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. நிலைக்கு மஞ்சள் பூசி, மாவிலை கட்டி, நல்ல நேரம் முடிய இன்னும் கொஞ்சம்தான் இருந்தது. பெரியவர்கள் அவசரப்படுத்தினார்கள். ஆசாரி தூக்குக்குண்டைத் தொங்கவிட்டு, ஒரு கண்ணை மூடிக்கொண்டு, ஆடும் நூலையே பார்த்துக்கொண்டிருந்தார். 'நூல் நிக்கட்டும்' என்றார். அத்தனை பேரும் வாயை மூடிக்கொண்டோம். குண்டின் ஆட்டம் குறைந்து குறைந்து, கடைசியில் அது நின்றது. அப்புறம்தான் ஆப்பு அடித்தார். மாயமனைக் கலையில் எல்லாக் கட்டடமும் அந்த நூல் நிற்கும் கணத்தில்தான் உயிர் பெறுகிறது.

பாவை மன்றத்துப் பாவை எப்போது அழுகிறது என்று மறுபடியும் பாருங்கள். 'அரைசு கோல் கோடினும்', 'உரைநூல் கோடி ஒருதிறம் பற்றினும்'. கோல் கோணினால் அழும், நூல் கோணினால் அழும். தச்சரின் சொற்களிலேயே அரசனின் குற்றத்தைச் சொல்லிவிட்டார் இளங்கோ.

வெளியே சிறிதாகவும் உள்ளே பெரிதாகவும் இருக்கும் வீடு எப்படிச் சாத்தியம்?

கணிதத்தில் நாற்பரிமாணக் கனசதுரம் என்று ஒன்று உண்டு. சதுரங்கள் ஆறு சேர்ந்து கனசதுரம் ஆவதுபோல, கனசதுரங்கள் எட்டு சேர்ந்து அது ஆகிறது. எட்டையும் எட்டு அறைகளாக நினையுங்கள். ஓர் அறையின் நான்கு சுவர், தரை, கூரை ஆகிய ஆறும் ஆறு வேறு அறைகளுக்குத் திறக்கும். மீதி ஓர் அறை இருக்கிறதே, அதற்கு மட்டும் இங்கிருந்து நேர் வழி கிடையாது. அது நேர் எதிரில் இருக்கிறது.

எட்டு யோனிக்கும் எட்டு அறை என்று வைத்துவிட்டேன். கொடி அறையிலிருந்து எருது அறைக்கு நேரே போக முடியாது. வேறொன்றின் வழியாகச் சுற்றித்தான் போக வேண்டும். என் இரண்டாவது கதையின் சிக்கல் முழுவதும் அந்த ஒரே ஒரு எதிர் அறையால் வருவது.

மாயமனை தோற்றுப்போகுமா?

போகும். இதற்கும் சிலப்பதிகாரம்தான் எனக்கு ஆசான்.

புகாரில் ஐந்து மன்றங்கள் இருந்தன என்றேன். மதுரையில்? அடைக்கலக் காதையின் கடைசியில் மதுரைக் கோட்டையைக் காட்டுகிறார் இளங்கோ. தானே வளைந்து எய்யும் வில்பொறி, கரிய விரல்களையுடைய குரங்குப் பொறி, கல்லெறியும் கவண், கொதிக்கும் எண்ணெய், பன்றிப் பொறி என்று பட்டியல் நீளும். எல்லாப் பொறியும் வெளியே, பகைவனைப் பார்த்து நிற்கின்றன.

உள்ளே பார்க்கும் பொறி மதுரையில் இல்லாமல் இல்லை. கட்டுரை காதையில் மதுரையின் காவல் தெய்வமான மதுராபதி ஒரு பழைய கதையைச் சொல்கிறாள். வார்த்திகன் என்ற பார்ப்பனனைக் காவலர்கள் திருட்டுப் பழி சுமத்திச் சிறையில் போட்டார்கள். அவன் மனைவி கார்த்திகை தரையில் விழுந்து அழுதாள். உடனே ஐயை கோயில் கதவு மூடிக்கொண்டது, யார் திறந்தும் திறக்கவில்லை. பாண்டியன் காரணம் தேடி, வார்த்திகனை விடுவித்து, தங்காலையும் வயலூரையும் கொடுத்தான். மதுரை வீதியெங்கும் கேட்கும்படி கதவு திறந்துகொண்டது.

சரி, கோவலன் வெட்டுப்பட்டபோது அந்தக் கதவு எங்கே போயிற்று? அது மூடியதாக நூலில் ஒரு சொல் இல்லை. அதே மதுராபதி, பாண்டியன் மறையோதும் நாவின் ஓசையைத்தான் கேட்டிருக்கிறானே தவிர, 'மணிநா ஓசை கேட்டதும் இலனே' என்று புகழ்கிறாள். ஆராய்ச்சி மணி இருந்தது. குறை சொல்லி அதை அடிக்க வேண்டிய தேவை யாருக்கும் வரவில்லை என்பது புகழ். எனக்கு அந்த வரி வேறு விதமாகவும் கேட்கிறது. யாராவது வந்து கயிற்றை இழுத்தால்தான் மணி ஒலிக்கும். கோவலனுக்கு இழுக்க நேரமே கிடைக்கவில்லை. பாவை அப்படியில்லை, யாரும் கேட்காமலே அழும். புகாரில் நின்ற பாவை மதுரையில் நின்றிருந்தால் என்ற ஏக்கம் இந்தக் காப்பியத்தைப் படிக்கும் ஒவ்வொரு முறையும் எனக்கு வருகிறது.

என் கதைகளில் மனைகள் இரண்டு வகை. கேட்டால் சொல்பவை, கேட்காமலே சொல்பவை. முதல் வகை கட்டுவது எளிது, அதனால் அரசர்கள் அதையே விரும்புகிறார்கள். கதையில் வரும் கேடு எல்லாம் அங்கிருந்துதான் தொடங்குகிறது.

தஞ்சைப் பெரிய கோயிலின் நிழல் தரையில் விழாதே, அதையும் சேர்க்கலாமே?

விழும். காலையிலும் மாலையிலும் போய்ப் பார்த்தால் நன்றாகவே தெரியும். ராஜராஜன் 1010-ல் முடித்த கற்றளியின் பெருமைக்கு இந்தப் பொய் தேவையில்லை. நெல்லையப்பர் கோயிலின் இசைத்தூண்கள் வேறு. ஒரே கல்லில் பல சிறு தூண்களைக் குடைந்து, தட்டினால் வெவ்வேறு சுரம் வரும்படி செய்திருக்கிறார்கள். என் பாடும் மண்டபத்துக்கு அதுதான் மூலம்.

உங்கள் கணக்கை வைத்து எங்கள் வீட்டுக்கு வாஸ்து பார்க்கலாமா?

வேண்டாம். இது கதைக்கான கலை. உங்கள் சமையலறைச் சுவரை இடிக்கும் முன் ஒரு பொறியாளரைக் கேளுங்கள்.

மனத்தில் மட்டும் கட்டியது கட்டடம் ஆகுமா?

பெரியபுராணத்தில் பூசலாரைப் பாருங்கள். திருநின்றவூர்க்காரர். சிவனுக்குக் கோயில் கட்ட ஆசை, கையில் காசில்லை. மனத்திலேயே கட்டத் தொடங்குகிறார். சேக்கிழார் இதை எழுதும் விதம்தான் எனக்கு முக்கியம். 'நினைத்தார், கோயில் வந்தது' என்று அவர் விட்டுவிடவில்லை. மனத்தால் கருவிகளைத் தேடுகிறார், தச்சர்களைத் தேடுகிறார், நல்ல நாள் பார்க்கிறார், ஆகமப்படி அடிநிலை போடுகிறார். இரவிலும் 'கண்படாது எடுக்கலுற்றார்'. பிறகு தூபி நட்டு, சுதைவேலை செய்து, கிணறு வெட்டி, மதில் எடுத்து, குளமும் தோண்டுகிறார். மனத்தில் கட்டும் கோயிலுக்குக் கிணறு எதற்கு? கோயில் என்றால் கிணறு வேண்டும், அவ்வளவுதான். ஒரு வேலையைக்கூட அவர் தாண்டிப் போகவில்லை.

காஞ்சியில் மன்னன் கல்லால் கட்டிய கோயிலுக்கும் அதே நாளில் குடமுழுக்கு. முந்தின இரவு இறைவன் மன்னன் கனவில் வந்து, நாளை நான் பூசலார் கட்டிய கோயிலுக்குப் போகிறேன், உன் நாளை மாற்றிக்கொள் என்கிறான். மன்னன் திருநின்றவூருக்கு வந்து அந்தக் கோயில் எங்கே என்று கேட்கிறான். அப்படி ஒரு கோயில் இங்கே இல்லையே என்கிறார்கள் ஊர்க்காரர்கள்.

நானும் எழுத ஆசைப்படுகிறேன். எங்கே தொடங்குவது?

உங்களுக்கு நன்றாகத் தெரிந்த ஒரு வீட்டில் தொடங்குங்கள். அளவுநாடா வேண்டாம், உங்கள் முழங்கையே போதும். சுற்றளவை முழத்தில் எடுங்கள், மூன்றால் பெருக்கி எட்டால் வகுங்கள். மீதி என்ன வருகிறது என்று குறித்துக்கொண்டு, அந்தத் திசையில் உள்ள மூலையில் போய்க் கொஞ்ச நேரம் உட்காருங்கள். அந்த வீட்டில் யாருக்கு என்ன துயரம் இருந்தது என்று யோசியுங்கள். பாட்டி எந்தச் சுவரில் சாய்ந்து உட்காருவார், எந்தக் கதவை அடைத்துக்கொண்டு யார் அழுதார்கள், எந்தப் படியில் வைத்து எந்த வாக்கு கொடுக்கப்பட்டது? அந்தச் சுவரும் கதவும் படியும் என்ன செய்திருக்க வேண்டும் என்று தோன்றுகிறதோ, அதை எழுதுங்கள்.